இதுக்குத் தமிழில் என்ன பேர், அத்தை? (சிங்கப்பூரில் ஆறு நாள்)

முதல் நாள், ஈசூன்

விடிய இன்னும் ஒரு மணி நேரத்துக்கு மேல் இருந்தது. இங்கே ஏழு மணிக்குத்தான் வெளுக்கும் என்று தம்பி முந்தின இரவே சொல்லியிருந்தான். பதினோராவது மாடி ஜன்னலுக்கு வெளியே, இருட்டுக்குள்ளிருந்து ஒரு குயில் கூவத் தொடங்கியது. கடல் தாண்டி வந்து ஒரு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) அடுக்குமாடியில் படுத்திருக்கிறேன். எங்கள் தூத்துக்குடி வீட்டு வேப்பமரத்துக் குயில் கூடவே கிளம்பி வந்துவிட்டதோ என்று இருந்தது.

தம்பி மகளும், என் மருமகள், எழுந்துவிட்டாள். தொடக்கநிலை நான்கு படிக்கிறாள், ஜூன் விடுமுறை. "அத்தை, அந்த ஊவூ பறவை உங்களையும் எழுப்பிடுச்சா?" என்றாள்.

"அது குயில்மா."

அவள் நம்பவில்லை. குயில் என்ற சொல் அவளுக்குத் தெரியும். தமிழ்ப் பாடத்தில் வந்திருக்கிறது, படம்கூட வரைந்திருக்கிறாள். ஊவூ பறவையையும் பிறந்ததிலிருந்து கேட்கிறாள். ஆனால் அந்தச் சொல்லும் இந்தப் பறவையும் ஒன்றையொன்று சந்தித்ததே இல்லை. இருபத்து நான்கு வருடம் பள்ளியில் விலங்கியல் நடத்தியவள் நான். அந்தக் கணத்தில் எனக்கு மனசு ஒரு மாதிரி ஆகிவிட்டது. பல் தேய்ப்பதற்கு முன்னாலேயே பாடம் ஆரம்பமாகிவிட்டது.

குயில், வடமொழியில் கோகிலம், இந்தியில் கோயல், அங்கிருந்து ஆங்கிலத்துக்குப் போன கோயல், ஐரோப்பாவில் இதன் உறவுக்காரப் பறவைக்குக் குக்கூ. எல்லாமே காது வைத்த பெயர்கள். இந்தப் பறவையைப் பார்ப்பது கஷ்டம், இலைக்குள் ஒளிந்துகொள்ளும். கேட்பது சுலபம். ஆகவே கேட்டவர்கள் கேட்டபடியே பெயர் வைத்தார்கள். சிங்கப்பூர்ப் பிள்ளைகள் ஊவூ என்று சொல்வதும் அதே வேலைதான். அதைத் தப்பென்று நான் திருத்தவில்லை. இன்னொரு பெயரும் உண்டு என்று மட்டும் சொன்னேன்.

ஏறிக்கொண்டே போகும் அந்த இரண்டு சுரக் கூவல் ஆணுடையது. கரிய உடம்பு, சிவந்த கண். பெண் குயில் பழுப்பு நிறத்தில் வெள்ளைப் புள்ளிகளோடு இருக்கும், கிக் கிக் என்று கத்தும். பாட்டுகளில் பெண்ணைப் போலக் குயில் பாடுகிறது என்கிறோம், பாடுவது ஆண். சிங்கப்பூருக்கு இவை முன்பு குளிர்கால விருந்தாளிகளாகத்தான் வந்து போயின. காக்கைகள் இங்கே பெருகிய பிறகு, 1980களிலிருந்து, இங்கேயே குஞ்சு பொரிக்கத் தொடங்கின. முட்டையிடக் காக்கைக் கூடு வேண்டுமே.

காலைப் பசியாறிவிட்டு, கீழே கடையில் ஒரு கோடு போட்ட நோட்டு வாங்கினோம். நாலு பத்தி: அவள் சொல்லும் பெயர், மலாய்ப் பெயர், தமிழ்ப் பெயர், அது உண்மையில் என்ன. முதல் வரி ஊவூ.

இரண்டாம் நாள், தேக்கா

காலை ஏழு மணிக்கே தேக்கா ஈரச்சந்தையில் நின்றோம். தேக்கா என்றால் தேக்கு மரம் ஞாபகம் வரும், சம்பந்தமில்லை. ஹொக்கியன் மொழியில் சிறு மூங்கிலின் அடி என்று பொருளாம், மூங்கில் இருந்த இடம். சந்தைக்குப் பக்கத்துத் தெரு பஃபலோ ரோடு, எதிரில் ஒரு தெரு கெர்பாவ் ரோடு. கெர்பாவ் என்றாலும் மலாயில் எருமைதான். ஒரு காலத்தில் இந்தப் பகுதி மாட்டு வியாபாரத்துக்குப் பெயர் போனது. அந்த வியாபாரத்தில் நம் ஆட்கள் நிறையப் பேர் இருந்தார்கள். தம்பி மகள் பிறந்த மருத்துவமனையின் பெயரே கண்டாங் கெர்பாவ், எருமைக் கொட்டில். சுருக்கி கேகே என்று சொல்லிச் சொல்லி, அவளுக்குள் எருமை வருவதே இல்லை. இன்றைக்கு வந்தது. நோட்டில் எழுதிக்கொண்டாள்.

மீன் பகுதிக்குப் போனதும் எனக்குக் கால் நகரவில்லை. அப்பா துறைமுகப் பக்கத்து ஏலக்கூடத்தில் வேலை பார்த்தவர். மீன் வாசனையில்தான் வளர்ந்தேன்.

"மதினி, இன்னைக்குத் தெங்கிரி வாங்கலாமா?" என்று தம்பி மனைவி கேட்டாள். நீளமாக, வெள்ளியாக, உடம்பில் குறுக்குக் கோடுகளோடு ஒரு மீனைக் காட்டினாள். எனக்கு அது சீலா. கடைக்காரர் தமிழர், அவர் வஞ்சிரம் என்றார். கன்னியாகுமரிப் பக்கம் போனால் நெய்மீன், யாழ்ப்பாணத்தில் அறுக்குளா. ஒரே மீன்.

இதில் ஒரு சிக்கலும் உண்டு. கல்லூரிக்குச் சென்னைக்குப் போன வருடம், ஊர் ஞாபகத்தில் ஒரு மீன் கடையில் சீலா கேட்டேன். கொடுத்ததை வாங்கிக்கொண்டு போய், சமைக்கப் பிரித்தால் அது ஊளி. கீழ்த்தாடை நீண்ட, பல் நீண்ட மீன். சென்னையில் அதைத்தான் சீலா என்கிறார்கள் என்று அப்புறம்தான் தெரிந்தது. கடைக்காரர் மேல் தப்பே இல்லை, அவர் ஊர்ப் பெயருக்கு அவர் மீன் கொடுத்தார். அறிவியல் பெயர் எதற்கு என்று மாணவர்கள் கேட்கும்போதெல்லாம் நான் இந்தக் கதையைத்தான் சொல்வேன். ஸ்கோம்பரோமோரஸ் காமர்சன் என்று சொன்னால் தூத்துக்குடியிலும் தேக்காவிலும் அதே வரிமீன்தான்.

அப்புறம் வவ்வால் மீன். சிறகு விரித்த வவ்வாலைப் போலத் தட்டையாக, அகலமாக இருப்பதால் அந்தப் பெயர். மலாயில் பாவால். கேட்க நம் வாவல் போலவே இருக்கிறது. ஆனால் ஒலி ஒத்திருப்பதை மட்டும் வைத்து உறவு சொல்ல எனக்குத் துணிவில்லை. சந்தையில் வெள்ளை வவ்வால், கறுப்பு வவ்வால் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் கிடந்தன. நிறம் மட்டும்தான் வேறு, இரண்டும் அண்ணன் தம்பி என்றுதான் யாரும் நினைப்பார்கள். மலாய்க்காரர்களும் வெள்ளைப் பாவால், கறுப்புப் பாவால் என்றே பிரிக்கிறார்கள்.

கடைக்காரரிடம் கேட்டுக்கொண்டு மருமகளின் விரலைப் பிடித்து இரண்டின் வால் அடியிலும் தடவச் சொன்னேன். வெள்ளையில் வழவழப்பு. கறுப்பில், வாலுக்குப் போகும் ஒல்லியான இடத்தில், சின்ன முள்வரிசை போலச் சொரசொரப்பு. அந்தச் சொரசொரப்புத் தகடுகள் பாறை மீன் குடும்பத்தின் அடையாளம். கறுப்பு வவ்வால் உண்மையில் பாறை மீனுக்குத்தான் சொந்தம். வெள்ளை வவ்வால் வேறு குடும்பம். ஆக, பெயர் வைத்த கண்ணுக்கு உருவம் தெரிந்தது, விரலுக்குத்தான் குடும்பம் தெரிகிறது. இரண்டு அறிவும் வேண்டும் என்பதுதான் என் கட்சி. "பாறைன்னா கல்லா அத்தை?" என்று கேட்டாள். பாறை என்று ஒரு மீன் இருப்பதே அவளுக்கு அப்போதுதான் தெரியும்.

தெங்கிரியும் அரைக்கிலோ நெத்திலியும் வாங்கினோம். நெத்திலிக்கு அவள் வீட்டில் இக்கான் பிலிஸ் என்றே பெயர்.

வரும் வழியில் ரெட்ஹில், அதாவது செம்மலை, என்ற இடத்தின் பெயர்க் கதையையும் தம்பி சொன்னான். முன்னொரு காலத்தில் தோடாக் மீன்கள் கடற்கரைக்குப் பாய்ந்து வந்து ஆட்களைக் குத்திக் கொன்றனவாம். ஒரு சிறுவன் வாழைத்தண்டுகளை வேலி போல நடச் சொன்னான், மீன்களின் மூக்கு அதில் செருகிக்கொண்டது. அவன் புத்தியைப் பார்த்துப் பயந்த அரசன் அவனைக் கொல்ல, மலை சிவந்தது. ஆங்கிலத்தில் சொல்பவர்கள் அதை வாள்மீன் ஆக்கிவிட்டார்கள். வாள்மீன் ஆழ்கடலில் தனியே திரியும் பெரிய மீன். மலாய்க்காரர்கள் தோடாக் என்பது கூர்மூக்குள்ள முரல் மீனை. முரல் கூட்டமாக, நீரின் மேல்மட்டத்தில் வரும். இரவில் விளக்கு வெளிச்சத்தைப் பார்த்தால் அம்பு மாதிரி எகிறும், மீனவர்களைக் குத்தியும் இருக்கிறது. பெயரைச் சரியாக வைத்துக்கொண்டால், அந்தக் கதை சொன்னவர்கள் கடலைக் கவனித்தவர்கள் என்பது தெரிகிறது.

மூன்றாம் நாள், மரினா பே

இன்று வெயில் கொளுத்தியது. மெர்லயன் சிலையடியில் எல்லாரையும் போலப் படம் எடுத்துக்கொண்டோம். சிங்கத் தலை, மீன் உடம்பு, 8.6 மீட்டர் உயரம், 1972இல் திறந்தது. இந்த உருவத்தை 1964இல் சுற்றுலாக் கழகச் சின்னமாக வரைந்தவர் ஃபிரேசர் புரன்னர். அவர் மீன்களை ஆராய்ந்த அறிஞர், இங்கே வான் கிளீஃப் மீன்காட்சியகத்தில் இருந்தவர். செதில்கள் அவ்வளவு ஒழுங்காக இருப்பதைப் பார்த்தபோது எனக்கு அது ஞாபகம் வந்து மகிழ்ச்சியாக இருந்தது.

சிங்கம் எங்கிருந்து வந்தது? சுமத்ராவின் பலெம்பாங்கிலிருந்து வந்த இளவரசன் சங் நீல உத்தமன் இந்தத் தீவில் ஒரு விலங்கைக் கண்டான், சிவந்த உடம்பு, கருத்த தலை, வெள்ளை மார்பு, அதிவேகம். அது சிங்கம் என்று உடன் இருந்தவர்கள் சொல்ல, ஊர் சிங்கபுரம் ஆனது என்று மலாய் வரலாற்றுக் கதை சொல்கிறது. இந்தக் காடுகளில் சிங்கம் வாழ்ந்ததே இல்லை. புலி வாழ்ந்தது. கடைசிக் காட்டுப் புலியைச் சுவா சூ காங்கில் சுட்டது 1930இல்.

அந்த அரசவைக்குச் சிங்கம் சொல்லாக வந்திருந்தது, விலங்காக வரவில்லை. நாமும் அப்படித்தானே? தமிழ்நாட்டுக் காட்டில் சிங்கம் கிடையாது. ஆனாலும் சிங்கம், அரிமா, மடங்கல், ஆளி என்று அடுக்குகிறோம், கோயில் தூணில் யாளி செய்து வைக்கிறோம். என் மருமகளுக்குக் குயில் இருந்த மாதிரி.

மலாயில் புலிக்கு ஹரிமாவ் என்று பெயர். நம் அரிமாவிலிருந்து போனதுதான் என்று ரயிலில் ஒருவர் மிக ஆசையாகச் சொன்னார். ஹரிமாவ் மலாய் மொழிக்குடும்பத்துக்கே உரிய பழைய சொல். அவர் ஆசையைக் கெடுக்க மனம் வரவில்லை, ஆனாலும் சொல்லிவிட்டேன்.

நான்காம் நாள், புக்கிட் தீமா

இந்தப் பயணத்தில் நான் காத்திருந்த நாள் இது.

புக்கிட் தீமா சிங்கப்பூரின் உயரமான இடம், ஆனாலும் 164 மீட்டருக்குள்தான். 1854இல் இயற்கை ஆய்வாளர் ஆல்ஃபிரட் ரசல் வாலஸ் இந்த மலைச்சரிவில் வண்டு பிடித்துக்கொண்டு திரிந்தார். புலி பிடிக்க வெட்டிய குழிகளில் விழுந்துவிடக் கூடாதே என்று பயந்ததையும் எழுதியிருக்கிறார். இன்று குழிகளும் இல்லை, புலிகளும் இல்லை. காடு இருக்கிறது. உள்ளே நுழைந்ததும் சில்வண்டு இரைச்சலில் பேசுவது கேட்கவில்லை.

ஒரு வளைவில் நாலைந்து பேர் அண்ணாந்து நின்றார்கள். வழுவழுப்பான ஒரு அடிமரத்தில், இரண்டு ஆள் உயரத்தில், சாம்பல் நிறத்தில் ஏதோ ஒட்டியிருந்தது. மரப்பட்டை உரிந்து தொங்குகிறது என்றுதான் தம்பி நினைத்தான். கொஞ்சம் பொறுத்து அந்தப் பட்டை தலையைத் திருப்பியது. பெரிய, பழுப்பான, ஈரமான கண்கள். வயிற்றுப் பக்கத்து மடிப்புக்குள்ளிருந்து இன்னொரு சின்ன முகம் எட்டிப் பார்த்தது. குட்டி!

"ஃபிளையிங் லெமூர்!" என்றாள் மருமகள். தமிழ்ப் பயிற்சித்தாள் ஒன்றில் அதன் படத்துக்குக் கீழே பறக்கும் லெமூர் என்று போட்டிருந்ததாம்.

நான் அங்கேயே ஒரு கல்லில் உட்கார்ந்து அவளுக்குச் சொன்னேன். இது பறக்காது. கழுத்திலிருந்து கைவிரல் நுனிக்கும், கால்விரல் நுனிக்கும், வால் நுனிக்கும் போர்வை மாதிரி ஒரு தோல் இழுத்துக் கட்டியிருக்கிறது. அதை விரித்து மரத்திலிருந்து மரத்துக்குச் சறுக்கும், நூறு மீட்டருக்கும் மேல்கூட. இறக்கையை அடித்து மேலே எழும்ப இதனால் முடியாது. இது லெமூரும் இல்லை. லெமூர்கள் மடகாஸ்கர் தீவில் மட்டும்தான் இயற்கையாக வாழ்கின்றன. இது தனி வரிசை. உலகத்தில் இந்த வரிசையில் மொத்தம் இரண்டே இனங்கள், இரண்டும் தென்கிழக்கு ஆசியாவில். குரங்கும் மனிதனும் அடங்கிய வரிசைதான் இதற்கு மிக நெருங்கிய சொந்தம். பகலெல்லாம் இப்படி மரத்தில் ஒட்டிக்கொண்டு தூங்கும், இரவில் இலை தின்னும். குட்டியைத் தோல் மடிப்பில் தூளி கட்டின மாதிரி வைத்துக்கொள்ளும்.

ஆங்கிலக்காரர் இரண்டு சொல்லில் இரண்டு தப்புச் செய்தார். முதலில் பார்த்தவர், பரவாயில்லை. ஆனால் நாம் அந்த இரண்டு தப்பையும் கவனமாக மொழிபெயர்த்துத் தமிழுக்குள் கொண்டுவந்து பிள்ளைகளுக்குக் கொடுக்கிறோம். இதுதான் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. நம் நாட்டில் இது இல்லை, ஆகவே நம்மிடம் பெயர் இல்லை, அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. இந்தக் காட்டில் இதோடு வாழ்ந்த மலாய்க்காரர்கள் குபோங் என்று ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள். அதையே எடுத்துக்கொள்ளலாமே. ஒராங்குட்டானை அப்படித்தானே எடுத்துக்கொண்டோம்? ஓராங் என்றால் மனிதர், ஹூத்தான் என்றால் காடு. அந்தப் பெயரில் ஒரு பார்வை இருக்கிறது, அதைக் காட்டு மனிதக் குரங்கு என்று பெயர்த்தால் பாதி போய்விடும்.

இறங்கும் வழியில் எறும்புத்தின்னியைப் பற்றிப் பேச்சு வந்தது. இந்தக் காட்டில் அதுவும் உண்டு, இரவில் நடமாடும், நாங்கள் பார்க்கவில்லை. ஆங்கிலத்தில் பாங்கோலின். அது மலாய் மொழியின் பெங்குலிங், சுருண்டுகொள்வது என்று பொருள். பயந்தால் செதில் பந்தாகச் சுருண்டுவிடும். சிங்கமே வந்து புரட்டினாலும் பிரிக்க முடியாது. இன்றைய மலாயில் தெங்கிலிங். மீன்கடைத் தெங்கிரியையும் இதையும் மருமகள் மாற்றி மாற்றிச் சொன்னாள். அறிவியல் பெயர் முறையை வகுத்த லின்னேயஸ் 1758இல் மானிஸ் என்று பெயரிட்டார். அது உரோமானியர் ஆவிகளைக் குறித்த சொல்லிலிருந்து வந்தது. ஒருவர் அது செய்வதைப் பார்த்தார், ஒருவர் அது வரும் நேரத்தையும் விசித்திரத் தோற்றத்தையும் நினைத்தார், தமிழர் அது தின்பதைப் பார்த்தார்.

ஆனால் எறும்புத்தின்னி என்ற பெயரைப் பாடப்புத்தகங்கள் தென் அமெரிக்க விலங்கு ஒன்றுக்கும் கொடுத்துவிட்டன. நீண்ட நாக்கு, பல்லில்லாத வாய், எறும்புப் புற்றைக் கிழிக்கும் நகம், எல்லாம் ஒத்திருக்கும். உறவு இல்லை. ஒரே உணவைத் தேடியதால் ஒரே மாதிரி ஆகிப்போன இரண்டு விலங்குகள். நம் செதில்காரன் நாயும் பூனையும் அடங்கிய ஊனுண்ணி வரிசைக்குத்தான் பக்கத்தில் வருகிறான். நல்லவேளையாக நமக்கு இன்னொரு பழைய பெயர் இருக்கிறது: அழுங்கு. அதைத் தென் அமெரிக்கக்காரனுக்கு யாரும் கொடுக்கவில்லை. நோட்டில் எறும்புத்தின்னியை அடித்துவிட்டு அழுங்கு என்று எழுதச் சொன்னேன். அவள் அடிக்கவில்லை, இரண்டையும் வைத்துக்கொண்டாள். அதுவும் சரிதான்.

ஐந்தாம் நாள், மழை

காலையிலிருந்து மழை. கென்ட் ரிட்ஜில், தேசியப் பல்கலைக்கழகத்துக்குள் இருக்கும் லீ கோங் சியான் இயற்கை வரலாற்று அரும்பொருளகத்துக்குப் போனோம். 2015இல் திறந்தது. மூன்று பெரிய டைனோசர் எலும்புக்கூடுகள் இருக்கின்றன, பிள்ளைகளெல்லாம் அங்கேதான். நாங்கள் திமிங்கிலத்தின் கீழேயே நெடுநேரம் நின்றுவிட்டோம்.

2015 ஜூலையில் ஜூரோங் தீவுக்கு அருகில் செத்து மிதந்த பெண் திமிங்கிலம் அது, 10.6 மீட்டர். நாட்டின் ஐம்பதாவது ஆண்டு என்பதால் ஜூபி லீ என்று செல்லப் பெயர் வைத்திருக்கிறார்கள். ஆங்கிலத்தில் இந்த இனத்துக்கு ஸ்பெர்ம் வேல் என்று பெயர். இதன் பெரிய தலைக்குள் வெள்ளையாக, மெழுகு போல ஒரு எண்ணெய் உண்டு. வெட்டிப் பார்த்த திமிங்கில வேட்டைக்காரர்கள் அதை விந்து என்று நினைத்துவிட்டார்கள். அந்தப் பிழை இருநூறு முந்நூறு ஆண்டாகப் பெயராகவே நிற்கிறது. பெண் திமிங்கிலத்துக்கும் அதே பெயர்.

நம் திமிங்கிலம் வடமொழிச் சொல். திமி என்பது பெருமீன், அதை விழுங்குவது திமிங்கிலம். அதையும் விழுங்குவது திமிங்கிலகிலம் என்று கதைகளில் வளர்த்துக்கொண்டே போவார்கள். மருமகளுக்கு அந்தச் சொல் ரொம்பப் பிடித்துவிட்டது, அரும்பொருளகம் முழுக்கச் சொல்லிக்கொண்டே நடந்தாள். இந்தத் திமிங்கிலம் விழுங்குவது பெரும்பாலும் கணவாயை. கணவாயின் அலகு மட்டும் சீரணிக்காமல் குடலில் தங்கும். அதைச் சுற்றி உண்டாவதுதான் வாசனைப் பொருளான மீனம்பர்.

எங்கள் கடலின் ஆவுளியாவைப் பற்றியும் அங்கே சொன்னேன். மன்னார் வளைகுடா மீனவர்கள் அந்தப் பெயரைத்தான் சொல்வார்கள். புத்தகத்தில் கடற்பசு. கடலடிப் புல்லை மேய்வதால் பசு என்றது பொருத்தம்தான், ஆனால் அதன் உயிருள்ள உறவுகளில் யானை வரும், பசு வராது. டூகாங் என்ற ஆங்கிலப் பெயரே மலாயின் டூயோங். சிங்கப்பூர்க் கடற்புல் திட்டுகளிலும் அது மேய்ந்த தடங்கள் உண்டு. தமிழ்நாட்டில் பாக் நீரிணையில் 2022இல் அதற்கென்றே 448 சதுர கிலோமீட்டரைப் பாதுகாப்பகமாக அறிவித்தார்கள்.

இந்த அரும்பொருளகத்தின் சேகரிப்பு பழைய ராஃபிள்ஸ் அரும்பொருளகத்தின் வழியில் வந்தது. சிங்கப்பூரில் ஆங்கிலேயத் துறைமுகத்தை நிறுவிய ராஃபிள்ஸின் பெயர் வந்ததும், அவரிடம் எழுத்தராக இருந்த முன்ஷி அப்துல்லா எனக்கு ஞாபகம் வருவார். மலாக்காவில் அரபு, தமிழ் வழியில் பிறந்தவர். சிறு வயதில் தமிழ் படித்தவர், ஏனென்றால் மலாக்காவில் அப்போது கணக்குக்கும் வணிகத்துக்கும் தமிழ் வேண்டியிருந்தது. ராஃபிள்ஸ் நாலு ஆட்களை வைத்துச் செடி, பூச்சி, சிப்பி, விலங்கு என்று தனித்தனியாகச் சேகரித்ததை அவர் தம் வரலாற்றில் எழுதி வைத்திருக்கிறார். காட்டுக்குள் போனது அந்த ஆட்கள். எது எங்கே கிடைக்கும், அதன் பெயர் என்ன என்று தெரிந்தவர்களும் இந்த மண்ணின் ஆட்கள்தான். அப்படித்தான் பிந்துரோங் என்ற மலாய்ச் சொல் 1822இல் ராஃபிள்ஸ் எழுதிய அறிவியல் பெயருக்குள்ளேயே போய் உட்கார்ந்தது. தமிழில் அதைக் கரடிப்பூனை என்று போடுகிறார்கள். அது கரடியும் இல்லை, பூனையும் இல்லை, புனுகுப்பூனைக் குடும்பம்.

ராஃபிள்ஸ் சேர்த்ததில் பெரும்பகுதி 1824 பிப்ரவரியில் சுமத்ராவின் பென்கூலனுக்கு அருகே ஃபேம் என்ற கப்பலோடு எரிந்தது. ஓவியங்கள், குறிப்புகள், உயிருள்ள ஒரு தாப்பீர் (பன்றி போலத் தோன்றும் காட்டு விலங்கு) எல்லாம். எத்தனை பெயர்கள் எரிந்தனவோ. அவர் கையில் எழுதிக்கொள்ள, அவை யார் வாயிலிருந்து வந்தனவோ அந்த ஆட்களின் பெயர்களை நான் நினைத்துக்கொண்டே பேருந்தில் வந்தேன். ஒன்றுகூட எனக்குத் தெரியாது.

ஆறாம் நாள், சுங்கை பூலோ

கிராஞ்சியில் ரயிலை விட்டு இறங்கி, பேருந்து பிடித்து, சதுப்புநிலக் காட்டுக்கு எட்டு மணிக்குப் போய்விட்டோம். பூலோ என்றாலும் மூங்கில்தான், சுங்கை ஆறு. தேக்காவில் தொடங்கின மூங்கில் இங்கேயும்.

நீர் வற்றும் நேரம். பாலத்தின் கீழே சேற்றில் ஒரு முதலை வாயைத் திறந்தபடி கிடந்தது. உவர்நீர் முதலை. பழந்தமிழில் முதலை, இடங்கர், கராம் என்று மூன்று பெயர்களைத் தனித்தனியே சொல்கிறார்கள். இந்தியாவில் முதலை வகைகளும் மூன்று. எது எதற்கு என்று பொருத்த ஆசைதான். ஆனால் பார்த்தவர்கள் மூன்று என்று எண்ணியிருக்கிறார்கள் என்பதோடு நான் நிறுத்திக்கொள்கிறேன். வழியோரம் ஆள் நீளத்துக்கு ஒரு நீருடும்பு நாக்கை நீட்டிக்கொண்டு நடந்துபோனது. மலாயில் பியாவாக்.

மருமகள் குதிரைலாட நண்டு பார்க்கவேண்டும் என்றாள். இன்று கண்ணில் படவில்லை. அதுவும் ஆங்கிலத்திலிருந்து வந்த பெயர், நண்டே இல்லை, சிலந்திக்கும் தேளுக்கும்தான் பக்கம். மலாயில் பெலாங்காஸ். இங்கே சதுப்பில் வாழும் இனத்துக்கு அறிவியலில் கார்சினோஸ்கார்ப்பியஸ், அதாவது நண்டுத்தேள். பாதி சரி என்றாள் அவள். பாதி சரிதான்.

அப்போதுதான் கூச்சல் கேட்டது. கீச்கீச்சென்று, சண்டை போடுவது போல. எதிர்க்கரையில் ஈரம் பளபளக்க ஒன்று, இரண்டு, ஐந்து, ஏழு. நீர்நாய்க் கூட்டம்! ஒன்று வாயில் பெரிய மீனைப் பிடித்துக்கொண்டு கரையேறியது. குட்டிகள் அதைச் சுற்றி விழுந்து பிடுங்கின. சிங்கப்பூரில் ஒரு காலத்தில் இல்லாமலே போயிருந்து, 1990களின் கடைசியில் இந்தப் பக்கத்துக் கடல்வழியாகத் திரும்பி வந்தவை. இப்போது நகர நடுவிலும் நீந்துகின்றன. சங்கப் பாட்டிலேயே நீர்நாய் காலையில் வாளை மீனைப் பிடிக்கிறது. இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தின ஒரு காலை வேளையை நேரில் பார்த்துக்கொண்டு நிற்கிறோம் என்று தோன்றியது. கண் கலங்கிவிட்டது எனக்கு.

அது நாய் இல்லை என்று அவளே சொன்னாள். ஐந்து நாளில் அவ்வளவு தேறியிருந்தாள். "கீரி மாதிரி முகம் அத்தை." கீரியும் வேறு குடும்பம்தான், ஆனால் அவள் கண் சரியான திசையில் பார்க்கிறது.

"அந்தக் குட்டிங்களுக்கு என்ன பேர்?"

தொல்காப்பியம் மரபியலில் இளமைப் பெயர் ஒன்பது சொல்கிறது: பார்ப்பு, பறழ், குட்டி, குருளை, கன்று, பிள்ளை, மகவு, மறி, குழவி. எது எதற்கு வரும் என்றும் பிரிக்கிறது. நாய்க்கும் பன்றிக்கும் புலிக்கும் முயலுக்கும் குருளை, அணிலுக்கும் எலிக்கும் குட்டி. நீர்நாய்க்கு என்று தனியாக அங்கே நான் படித்ததில்லை. ஒன்பதையும் அவளுக்குச் சொன்னேன், அவள் ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்த்தாள். நீர்நாய்க் குருளை. நீர்நாய்ப் பறழ். ஊரில் அணிலை அணில்பிள்ளை என்றும் கீரியைக் கீரிப்பிள்ளை என்றும் சொல்வோம், பெரிதானாலும் பிள்ளைதான் என்று சொன்னேன்.

கம்பிமேல் நோட்டை வைத்து அவள் எழுதினாள். நீர் ஏறத் தொடங்கியிருந்தது. கூட்டம் ஒவ்வொன்றாக ஆற்றில் இறங்கி, தலைகள் மட்டும் தெரிய, கடல் பக்கம் போனது. கடைசியாகப் போன சின்னதைப் பார்த்துக் கையசைத்து, "போயிட்டு வா, நீர்நாய்ப்பிள்ளை" என்றாள்.